தண்ணீர் கேட்காத செடி

உண்ணிச்செடியைப் பார்க்காதவர்கள் தமிழ்நாட்டில் குறைவு. வேலியோரம், மலைப்பாதை, தண்டவாளத்தின் ஓரம் என்று எங்கும் நிற்கும். கறுத்த பழத்தைப் பறித்து வாயில் போடாத கிராமத்துப் பிள்ளை உண்டா? (பச்சைக் காய் வேண்டாம், விஷம்.) இது நம்மூர்ச் செடியே இல்லை என்றால்தான் பலர் நம்ப மாட்டேன் என்கிறார்கள்.

அமெரிக்க வெப்பமண்டலச் செடி இது. 17ஆம் நூற்றாண்டில் டச்சுக்காரர்கள் பிரேசிலிலிருந்து ஐரோப்பாவுக்குக் கொண்டுபோனார்கள். அங்கே அது செல்லப்பிள்ளை. பனி பட்டால் கருகிவிடுமே! குளிர்காலம் முழுக்கக் கண்ணாடி வீட்டுக்குள் வைத்து, தொட்டி காயாமல் தண்ணீர் விட்டு வளர்த்தார்கள். ஒன்றோடொன்றைக் கலந்து புதுப்புது நிறங்களை உண்டாக்கினார்கள். நமக்கு வந்தவை பெரும்பாலும் அந்தக் கலப்பு வாரிசுகள்தான்.

1809இல் கல்கத்தா தாவரவியல் தோட்டத்துக்கு அழகுச்செடியாக வந்தது. இங்கே பனியும் இல்லை, கண்ணாடியும் வேண்டாம். தொட்டியில் வைத்தால்தான் தண்ணீர் ஊற்ற வேண்டும். தரையில் வேர் பிடித்துவிட்டால் மழையே போதும். ஆடுமாடும் பெரும்பாலும் வாய் வைக்காது. வேலிக்கு இதைவிட என்ன வேண்டும்? ஆனால் பழத்தைத் தின்ற கொண்டைக்குருவிகள் வேலியோடு நிற்கவில்லை. விதை எச்சத்தோடு காட்டுக்குள் போய் விழுந்தது.

நூறாண்டு கழித்துத்தான் அரசு விழித்தது. இதைத் தின்னும் பூச்சிகளை நாடெங்கும் தேடி, ஒய். ராமச்சந்திர ராவ் 1920இல் அறிக்கை எழுதினார். 1941இல் ஆஸ்திரேலியாவிலிருந்து டெஹ்ராடூனுக்கு ஒரு பூச்சியை வரவழைத்தார்கள். அது தேக்கின் பூவையும் தின்கிறது என்று தெரிந்ததும் அத்தனையையும் அழிக்கச் சொன்னார்கள். அதற்குள் சில தப்பி வெளியே போய்விட்டன! உண்ணி இலையை உதிர்த்துவிட்டு மறுபடி துளிர்த்துக்கொண்டது.

இன்று இந்தியப் புலிக்காடுகளில் ஏறக்குறைய 40 சதவீதத்தில் இது இருக்கிறது என்கிறது 2020இல் வந்த ஆய்வு ஒன்று. முதுமலைப் பக்கம் புல் முளைக்க வேண்டிய இடமெல்லாம் புதர். மான் மேய்வதற்கு இடம் சுருங்குகிறது. புதருக்குப் பின்னால் யானை நின்றால், விறகுக்குப் போன ஆளுக்குத் தெரியவே தெரியாது.

கூடலூர்ப் பக்கத்து ஆதிவாசிகள் இதே தண்டுகளை வளைத்து, ஆளுயரத்துக்கும் மேலான யானைகளாகக் கட்டுகிறார்கள். 2021இல் அவை லண்டன் பூங்காக்களில் நின்றன. கூலி கிடைக்கிறது, நல்ல விஷயம்தான். ஆனால் தண்டை மட்டும் வெட்டினால் செடி சாகாது. வேர்க்கழுத்துக்குக் கீழே வெட்டித் தலைகீழாகக் கவிழ்த்துப் போட வேண்டும். பிறகும் பறவை உட்காரும் மரத்தடிகளில் வருஷா வருஷம் நாற்றைத் தேடிப் பிடுங்கிக்கொண்டிருக்க வேண்டும்.