மணல் எண்ணெயில் முளைத்த மரம்

ரசவாதிகள் என்றாலே ஈயத்தைப் பொன்னாக்கப் போய் ஏமாந்தவர்கள் என்று ஒரே வரியில் முடித்துவிடுகிறோம். சிலிக்கானின் பழைய கதையைப் படித்தால் அப்படிச் சொல்ல மனம் வராது.

ஜெர்மனியில் 1604-ல் பிறந்தவர் யோஹான் ருடால்ஃப் கிளாபர். பேதி மருந்தான 'கிளாபர் உப்பு' அவர் பெயரில்தான் வழங்குகிறது. இவர் சிக்கிமுக்கிக் கல்லைப் பொடித்து, பொட்டாஷ் காரத்தோடு உலையில் உருக்கினார். கிடைத்த கண்ணாடியை ஈரமான இடத்தில் வைத்தால், ஈரத்தை இழுத்து எண்ணெய் மாதிரி ஆகிவிடும். இரும்பை அமிலத்தில் கரைத்துக் காயவைத்த உப்பை அதில் போட்டார். தண்டும் கிளையுமாக ஒரு குட்டி மரம் எழும்பியது! 1646-ல் வெளிவரத் தொடங்கிய தம் நூலில் இதை எழுதி வைத்தார்.

உலோகங்கள் பூமிக்குள் விதை போல முளைத்து வளர்கின்றன என்று நம்பிய காலம் அது. கண்ணெதிரே இரும்பே மரமாக வளரும்போது, பொன் மட்டும் வளராதா என்றுதானே தோன்றும்?

உண்மையில் நடப்பது இதுதான். உப்பைச் சுற்றி உலோக சிலிகேட்டால் ஒரு மெல்லிய சவ்வு உண்டாகிறது. சவ்வூடு பரவலால் தண்ணீர் உள்ளே புக, சவ்வு உப்பி வெடிக்கிறது. பீறிட்ட கரைசலைச் சுற்றி உடனே புதுச் சவ்வு. அந்தக் கரைசல் கனம் குறைந்தது என்பதால் கிளைகள் மேல்நோக்கி வளர்கின்றன. மயில்துத்தம், அன்னபேதி போட்டு இதை வகுப்பில் செய்து காட்டியிருக்கிறேன். கடைசி பெஞ்சுப் பையன்கள்கூட எழுந்து வந்து பார்ப்பார்கள்.

அதே காலத்தில் வாழ்ந்த இன்னொரு ரசவாதி வான் ஹெல்மாண்ட். இவர் அந்த மணல் எண்ணெயில் அமிலத்தை ஊற்றினார். மணல் திரும்ப அடியில் படிந்தது. நிறுத்துப் பார்த்தார்: முதலில் போட்ட அதே எடை. பொருள் கரைந்து மறைந்தாலும் அழிவதில்லை என்பதைத் தராசு சொன்னது. லவாய்சியேவுக்கு ஒரு நூற்றாண்டுக்கு மேல் முந்திய கணக்கு இது.

மணலுக்குள் இருந்த தனிமம் மட்டும் எளிதில் பிடிபடவில்லை. ஆக்சிஜன் அதை அவ்வளவு இறுக்கிப் பிடித்திருக்கிறது. 1808-ல் டேவி முயன்று தோற்றார். 1824-ல்தான் சுவீடனின் பெர்சீலியஸ், பொட்டாசியம் உலோகத்தின் துணையோடு, பழுப்புப் பொடியாக அதைப் பிரித்தெடுத்தார். பூமியின் மேலோட்டில் எடைக்கணக்கில் கால் பங்குக்கு மேல் இருக்கும் பொருள் அது!

கிளாபர் கடைசிக் காலத்தில் உடல் நலிந்து படுக்கையில் கிடந்தார். பிழைப்புக்காகப் புத்தகங்களையும் கருவிகளையும் விற்க வேண்டியதாயிற்று. 1670-ல் ஆம்ஸ்டர்டாமில் இறந்தார். அவர் தேடிய பொன் கிடைக்கவில்லை. ஆனால் அவர் வளர்த்த மரத்தை இன்றும் ஆராய்கிறார்கள், கடலடி வெந்நீர் ஊற்றுகளில் உயிர் எப்படித் தோன்றியிருக்கும் என்று அறிவதற்காக. அவர் சொன்ன விளக்கம் தவறு. கண்டு எழுதி வைத்தது அத்தனையும் சரி.