மேற்கோளும் இடச்சுட்டும்: தமிழ் ஆய்வெழுத்தில் சான்று காட்டும் முறையின் வளர்ச்சி

பல்கலைக்கழக ஒப்படைவுகளிலும் ஆய்வேடுகளிலும் பிறர் கருத்தை எடுத்தாள்பவர், அது எவருடையது, எந்த நூலில் எவ்விடத்தில் உள்ளது என்பதைக் குறித்தாக வேண்டும் என்பது இன்று மாற்றமில்லாத விதியாகிவிட்டது. எடுத்தாளப்படும் பகுதியாகிய மேற்கோள், அதன் இருப்பிடத்தைக் காட்டும் இடச்சுட்டு, பயன்பட்ட நூல்களையெல்லாம் இறுதியில் தொகுத்துத் தரும் துணைநூற்பட்டியல் ஆகிய மூன்றும் சேர்ந்ததே இந்த ஏற்பாடு. இது முழுவதும் மேலைநாட்டிலிருந்து வந்தது என்ற எண்ணம் தமிழ்த் துறைகளிலேயே பரவலாக இருக்கிறது. பட்டியலின் வடிவத்தைப் பொறுத்தவரை அது சரிதான். சான்று காட்டும் பழக்கத்தைப் பொறுத்தவரை சரியன்று. தமிழ் உரைநூல்கள் தோன்றிய காலத்திலேயே அப்பழக்கமும் தோன்றிவிட்டது. அது காலந்தோறும் வடிவம் மாறியதற்குக் காரணம், படிப்பவர் மூலத்தைச் சென்றடையும் வழி மாறிக்கொண்டே வந்ததுதான்.

தொல்காப்பியம் முழுவதும் 'என்ப', 'மொழிப', 'என்மனார் புலவர்' என்னும் முடிபுகள் பரவிக் கிடக்கின்றன. கூறப்படும் இலக்கணம் நூலாசிரியரின் சொந்தப் படைப்பன்று, முன்னோர் வழிவந்தது என்பதை அவை அறிவிக்கின்றன. ஆனால் அந்த முன்னோர் யாவர் என்பதைச் சொல்வதில்லை. நூல்களை முதல்நூல், வழிநூல் எனப் பிரிக்கும் மரபியல், வழிநூலைத் தொகுத்தல், விரித்தல், தொகைவிரி, மொழிபெயர்ப்பு என நால்வகைப்படுத்துவதால், பிறர் நூலிலிருந்து பெற்று எழுதுவது வரையறை பெற்ற ஒரு செயலாகவே கருதப்பட்டது தெளிவாகிறது. 13ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் நன்னூல் இயற்றிய பவணந்தி முனிவர் இதற்கும் ஒருபடி மேலே சென்றார். தொல்காப்பிய நூற்பாக்கள் சிலவற்றை அவர் சொல் மாறாமல் அப்படியே தம் நூலுக்குள் அமைத்துக்கொண்டார். அவ்வாறு அமைப்பதற்கான காரணத்தையும் பாயிரத்திலேயே கூறிவிட்டார். முன்னோர் கருத்தை மட்டுமின்றி அவர்கள் சொல்லையும் போற்றுதல், அவர்களிடமிருந்து வேறுபட்ட நூல் செய்வதாகத் தாம் உரிமை கோரவில்லை எனக் காட்டுதல் என்பன அக்காரணங்கள். இன்றைய ஒப்புமை காணும் மென்பொருளிடம் நன்னூலை ஒப்படைத்தால் அது கருத்துத் திருட்டு என்றே முத்திரை குத்தும். எடுத்தவர் எடுத்ததை மறைக்கவில்லை என்பதும், படிப்பவர்கள் தொல்காப்பியத்தை மனப்பாடமாக அறிந்தவர்கள் என்பதும் அந்த மென்பொருளுக்குத் தெரிய வாய்ப்பில்லை.

இந்த மனப்பாடமே உரையாசிரியர் காலத்து இடச்சுட்டின் அடித்தளம். இளம்பூரணர், சேனாவரையர், பேராசிரியர், நச்சினார்க்கினியர் முதலியோர் ஒரு விதிக்கு எடுத்துக்காட்டு வேண்டியபோதெல்லாம் சான்றோர் செய்யுளை அள்ளித் தந்தனர்; சிலவிடங்களில் பாட்டு முழுவதையும் தந்தனர், பலவிடங்களில் முதல் சில சீர்களோடு நிறுத்திக்கொண்டு 'என்னும் பாட்டும் அது' என்று முடித்தனர். பாட்டின் தொடக்கச் சொற்களாகிய இந்த முதற்குறிப்பு, கேட்பவர் நினைவில் மீதிப் பாட்டை எழுப்பப் போதுமானதாக இருந்தது. ஏட்டுச்சுவடியில் பக்க எண்ணைச் சுட்டுவதற்கும் வழியில்லை. ஒரே நூலின் இரண்டு படிகளில் ஒரே செய்யுள் வெவ்வேறு ஏடுகளில் அமையும். இன்றைய அச்சுப் பதிப்புகளில் மேற்கோள்களை அடுத்து அடைப்புக்குறிக்குள் காணப்படும் நூற்பெயர்ச் சுருக்கமும் பாட்டெண்ணும் பெரும்பாலும் பதிப்பாசிரியர்கள் சேர்த்தவை என்பதை மாணவர் பலர் கவனிப்பதில்லை. அவற்றை உரையாசிரியரின் சொற்களாகவே படியெடுத்து எழுதிவிடுகின்றனர்.

கருத்து மாறுபாட்டைக் குறிக்கும்போது பெயரை விடுவது அந்நாளைய வழக்கம். 'என்று உரைப்பாரும் உளர்', 'என்று பாடம் ஓதுவாரும் உளர்' என்பன பரிமேலழகரிடம் அடிக்கடி எதிர்ப்படும் தொடர்கள். அவ்வாறு உரைத்தவர் யார் என்பதை, திருக்குறளின் பிற உரைகளை அருகில் வைத்துக்கொண்டுதான் அறிய முடிகிறது. இளம்பூரணரைப் பின்னோர் 'உரையாசிரியர்' என்ற பொதுப்பெயராலேயே சுட்டினர். மரியாதை, மறுக்கப்படுபவரை வெளிப்படையாக இழிவுபடுத்தாத நாகரிகம், வட்டத்திற்குள் இருப்பவர்க்குப் பெயர் தேவையில்லை என்ற நிலை ஆகிய மூன்றும் இதில் கலந்திருக்கலாம்.

இந்தப் பொதுப்போக்கிலிருந்து விலகி நிற்பவர் சிலப்பதிகார உரைகாரர் அடியார்க்குநல்லார். இசையும் கூத்தும் பயின்ற காப்பியத்துக்கு உரை காணப் புகுந்த அவர், அத்துறைப் பழைய நூல்களில் பெருநாரை, பெருங்குருகு முதலியன இறந்துபட்டன எனப் பதிவு செய்துவிட்டு, தமக்குக் கருவியாக நின்ற நூல்களை ஆசிரியர் பெயரோடு வரிசைப்படுத்தினார்: சிகண்டி செய்த இசைநுணுக்கம், யாமளேந்திரர் செய்த இந்திரகாளியம், அறிவனார் செய்த பஞ்சமரபு, ஆதிவாயிலார் செய்த பரதசேனாபதீயம், மதிவாணனார் செய்த நாடகத்தமிழ் நூல். ஆசிரியர் பெயர், நூற்பெயர், எப்பொருளுக்குப் பயன்பட்டது என்ற விவரம், கிடைக்காதவை எவை என்ற ஒப்புதல் ஆகிய அனைத்தும் அடங்கிய இப்பகுதியைத் தமிழின் பழைய துணைநூற்பட்டியல் என்று கொள்வதில் மிகையில்லை. அவர் சுட்டிய பஞ்சமரபு நெடுங்காலம் பெயரளவிலேயே அறியப்பட்டிருந்து, 1970களில் அச்சேறியது. பல நூற்றாண்டுகளுக்கு முன் எழுதப்பட்ட ஓர் இடச்சுட்டு, மூலம் கைக்குக் கிடைத்ததும் சரிபார்க்கத் தக்கதாயிற்று.

மூலம் திரும்பாத இடங்களிலும் சுட்டல் பயன்பட்டிருக்கிறது. யாப்பருங்கல விருத்தியுரை, காக்கைபாடினியார், அவிநயனார், மயேச்சுரர், பல்காயனார் முதலிய இலக்கண ஆசிரியர்களின் நூற்பாக்களைப் பெயர் சொல்லி எடுத்துக்காட்டியிராவிட்டால் அவர்கள் இருந்த சுவடே மறைந்திருக்கும். இறையனார் களவியல் உரையில் எடுத்துக்காட்டாக நிரம்பிய செய்யுள்களைக் கொண்டே பாண்டிக்கோவை மீட்டெடுக்கப்பட்டது. புறத்திரட்டு என்னும் தொகைநூல், முத்தொள்ளாயிரம், தகடூர் யாத்திரை, ஆசிரியமாலை ஆகியவற்றின் பாடல்களைக் காத்துத் தந்தது. அதனை 1938இல் எஸ். வையாபுரிப்பிள்ளை சென்னைப் பல்கலைக்கழக வெளியீடாகப் பதிப்பித்தார். இத்தகைய சிதறிய மேற்கோள்களையே சான்றாகத் திரட்டி, மயிலை சீனி. வேங்கடசாமி 1959இல் 'மறைந்துபோன தமிழ் நூல்கள்' என்ற தனி நூலை எழுதினார்.

அச்சு வந்தபோது மனப்பாடத்தை நம்பிய முறை தடுமாறியது. சீவக சிந்தாமணியைப் பதிப்பிக்க முனைந்த உ.வே. சாமிநாதையர் முன் நின்ற பெரிய இடையூறுகளில் ஒன்று, நச்சினார்க்கினியர் உரையில் பெயரின்றி வரும் மேற்கோள்களே. சங்க நூல்களின் வழக்கு அருகிப்போயிருந்த 19ஆம் நூற்றாண்டில், அந்த அடிகள் எந்த நூலுக்கு உரியவை என்பதைச் சொல்ல எவரும் எளிதில் கிடைக்கவில்லை. திருவாவடுதுறை ஆதீனத்தின் ஏடுகளில் எட்டுத்தொகை நூல்களைக் கண்டு படித்த பின்னரே, உரையில் கண்ட அடிகள் ஒவ்வொன்றாகத் தத்தம் இடத்தில் தென்படலாயின. 1887இல் சிந்தாமணியும், 1889இல் பத்துப்பாட்டும், 1892இல் சிலப்பதிகாரமும், 1894இல் புறநானூறும் அவர் பதிப்பாக வெளிவந்தபோது, நினைவிலிருந்த கருவிகள் தாளுக்கு மாறின. செய்யுள் முதற்குறிப்பு அகராதி அவற்றுள் முதன்மையானது; முன்பு கேட்பவர் மனத்தில் நிகழ்ந்த தேடலை அகரவரிசை ஏற்றுக்கொண்டது.

1937இல் வெளிவந்த அவருடைய குறுந்தொகைப் பதிப்பு இவ்வகையில் தனியாக நோக்கத்தக்கது. ஒவ்வொரு பாட்டின் கீழும் பதவுரையும் விளக்கமும் முடிந்த பின் 'மேற்கோளாட்சி' என்ற ஒரு பகுதி வருகிறது. அப்பாட்டின் இன்ன அடியை இன்ன உரையாசிரியர், இன்ன நூற்பாவின் உரையில், இன்ன இலக்கணத்துக்குச் சான்றாகக் காட்டினார் என்ற செய்தி அங்கே சுருக்கக் குறியீடுகளால் அடுக்கப்பட்டிருக்கும். வழக்கமான இடச்சுட்டு, எழுதுபவரிடமிருந்து மூலத்துக்குப் பின்னோக்கிச் செல்லும்; மேற்கோளாட்சியோ மூலத்திலிருந்து அதனை எடுத்தாண்டவர்களை நோக்கி முன்னே செல்லும். யூஜின் கார்ஃபீல்டு அமெரிக்காவில் 1964இல் வெளியிட்ட அறிவியல் மேற்கோள் அடைவின் உள்ளமைப்பும் இதுவே. அளவும் நோக்கமும் முற்றிலும் வேறு என்பதால் ஒன்றிலிருந்து மற்றொன்று பிறந்ததாகச் சொல்வதற்கில்லை. ஆயினும் இன்று ஆய்வாளரின் மதிப்பை எடைபோடும் எண்களுக்கு அடிப்படையான அந்த அமைப்பு, தமிழ்ப் பதிப்புகளில் பாட்டுக்குக் கீழே சத்தமில்லாமல் இருந்துவந்தது குறிப்பிடத்தக்கது.

பாட்டெண் மட்டும் போதும், பதிப்பைச் சொல்ல வேண்டியதில்லை என்று எண்ணுவோர்க்குத் தொல்காப்பியப் பொருளதிகாரத்தின் அச்சு வரலாறு விடை தருகிறது. சி.வை. தாமோதரம்பிள்ளை 1885இல் அதனை வெளியிட்டபோது, உரை முழுவதும் நச்சினார்க்கினியருடையதாகவே அச்சாயிற்று. மெய்ப்பாட்டியல், உவமவியல், செய்யுளியல், மரபியல் ஆகிய இறுதி நான்கு இயல்களுக்கும் அதில் அமைந்த உரை உண்மையில் பேராசிரியருடையது என்பதைப் பின்னர் ரா. இராகவையங்கார் மதுரைத் தமிழ்ச் சங்கத்தின் 'செந்தமிழ்' இதழில் எடுத்துக்காட்டினார். எனவே முதற்பதிப்பை நம்பி 'நச்சினார்க்கினியர், மரபியல் உரை' என்று குறித்தவர், தம்மளவில் பிழை செய்யாமலே பிழையான சான்றைக் காட்டியவரானார். எந்த ஆண்டில், எவர் பதிப்பித்த நூலைப் பார்த்து எழுதினார் என்பது தெரிந்தால்தான் அத்தகைய குறிப்பைப் பிற்காலத்தவர் திருத்திக்கொள்ள முடியும்.

சுருக்கக் குறியீடுகளை நிலைபெறச் செய்ததில் சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ்ப் பேரகராதிக்குப் பெரும்பங்கு உண்டு. 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வெளிவந்த அது, ஒரு லட்சத்துக்கு மேற்பட்ட தலைச்சொற்களின் பொருள்களுக்கு இலக்கியச் சான்றும் அதன் இடமும் தர முயன்றது. 'தொல். சொல்.', 'சிலப்.', 'குறுந்.' போன்ற குறுக்கங்கள் பொதுவழக்கானதால், நூற்பெயரும் பாட்டெண்ணும் சேர்ந்த ஒரு சிறு குறிப்பு எந்தப் பதிப்பிலும் இடத்தைக் காட்டியது.

மேலைநாட்டு முறைகள் தமிழ் ஆய்வேடுகளுக்குள் வந்து சேர்ந்தபோது அவை வேறொரு தேவையிலிருந்து பிறந்தவை என்பது மறக்கப்பட்டது. ஆசிரியர் பெயரையும் ஆண்டையும் அடைப்புக்குறிக்குள் தரும் முறை, ஹார்வர்டு விலங்கியலாளர் எட்வர்டு லாரன்ஸ் மார்க் 1881இல் ஓடற்ற தோட்ட நத்தை ஒன்றைப் பற்றி எழுதிய கட்டுரையிலிருந்து தொடங்குவதாகக் கொள்வர். எவர் முதலில் கண்டார் என்ற கேள்வி முதன்மையான அறிவியலில் ஆண்டு முன்னே நிற்பது இயல்பே. சிகாகோ பல்கலைக்கழக அச்சகத்தின் நடைக் கையேடு 1906இலும், அமெரிக்க உளவியலாளர் சங்கத்தின் முதல் நெறிமுறை 1929இலும் வந்தன. நவீன மொழிக் கழகத்தின் நடைத்தாள் 1951இல் வெளியானது; அக்கழகம் 1984இல் அடிக்குறிப்பைக் கைவிட்டு, ஆசிரியர் பெயரையும் பக்க எண்ணையும் வரிக்குள்ளேயே தரும் முறைக்கு மாறியது.

இவற்றைப் பழந்தமிழ் நூல்களுக்கு அப்படியே பொருத்தினால் விந்தையான விளைவுகள் தோன்றுகின்றன. '(தொல்காப்பியர், 1885)' என்ற குறிப்பு விதிப்படி சரியாக இருந்தும் எவருக்கும் பயன்படாது. நூற்பா எண் இல்லாமல் அதனைத் தேடுவது வீண்வேலை. சங்கரநமச்சிவாயர் எழுதிச் சிவஞான முனிவர் திருத்திய நன்னூல் விருத்தியுரைக்கு ஆசிரியர் இடத்தில் எவர் பெயரை இடுவது என்ற கேள்விக்கும் அக்கையேடுகளில் நேரான விடை கிடையாது. பெயரமைப்பும் இடர்தருவதே. குடும்பப் பெயரை முன்னே கொண்டுவந்து அகரவரிசைப்படுத்தும் விதி, குடும்பப் பெயரே இல்லாத தமிழ்ப் பெயர்களில் தலைப்பெழுத்துகளைப் பின்னுக்குத் தள்ளுவதோடு நின்றுவிடுகிறது. 'சாமிநாதையர், உ.வே.' என்று எழுதுகையில் பின்னால் போனவை உத்தமதானபுரம் என்ற ஊரும் வேங்கடசுப்பையர் என்ற தந்தை பெயருமே. மயிலை சீனி. வேங்கடசாமியை மகரத்தில் தேடுவதா வகரத்தில் தேடுவதா என்பதில் நூலகங்களே ஒன்றுபடுவதில்லை.

இந்தியாவில் இடச்சுட்டைச் சட்டப் பொருளாக்கியது பல்கலைக்கழக மானியக் குழுவின் 2018ஆம் ஆண்டு ஒழுங்குவிதி. ஆய்வேட்டில் பிற எழுத்தோடு ஒத்திருக்கும் அளவு 10 விழுக்காடு வரை இருந்தால் தண்டனை இல்லை. 40 வரை என்றால் ஆறு மாதத்துக்குள் திருத்தி அளிக்க வேண்டும். 60 வரை என்றால் திருத்திய ஆய்வேட்டை அளிக்க ஓராண்டுத் தடை. அதற்கு மேல் பதிவே ரத்து. முறையாகச் சுட்டிய மேற்கோள்களும் துணைநூற்பட்டியலும் இக்கணக்கில் சேரா. பொது அறிவுச் செய்திகளுக்கும் தற்செயலாக ஒத்துவரும் தொடர்களுக்கும் 14 சொற்கள் வரை விலக்கு உண்டு. இந்த 14 என்னும் அளவு ஆங்கிலத் தொடரை மனத்தில் கொண்டு அமைந்ததாகவே தோன்றுகிறது. ஒரு குறட்பாவுக்கு ஏழு சீர். சீரைச் சொல்லாக எண்ணும் மென்பொருளுக்கு இரண்டு குறட்பாக்கள் சேர்ந்தும் அந்த எல்லையைத் தாண்டுவதில்லை. உருபும் விகுதியும் சொல்லோடு ஒட்டி நிற்கும் மொழியில் 14 சொற்களுக்குள் ஒரு முழு வாதத்தையே சொல்லிவிடலாம். மேலும் ஒருங்குறிக்கு முந்திய எழுத்துருக்களில் தட்டச்சான பழைய ஆய்வேடுகள் கணினிக்குப் பொருளற்ற உரோமன் எழுத்துக் குவியலாகவே தெரிவதால், அவற்றிலிருந்து எடுக்கப்படுபவை ஒப்புமைக் கணக்குக்குள் வருவதே அரிது. அங்கே திருட்டைக் கண்டுபிடிப்பவர் அந்தப் பழைய ஆய்வேட்டைப் படித்திருக்கும் மேற்பார்வையாளர் மட்டுமே.

இக்காரணங்களால் தமிழ் ஆய்வேடுகளில் ஒரே முறையை முழுமையாகத் திணிப்பதைக் காட்டிலும் இரு முறைகளையும் பிரித்து ஆளுவதே பொருத்தம். மூலச் செய்யுளுக்கு நூற்பெயர்ச் சுருக்கமும் பாட்டெண்ணும் வரிக்குள் போதும். உரையைப் பற்றிய வாதமாயின் உரையாசிரியர் பெயரும், பயன்பட்ட பதிப்பின் ஆசிரியரும் ஆண்டும் பக்கமும் வேண்டும். தற்கால ஆய்வு நூலுக்கு ஆசிரியர்–ஆண்டு முறையே தடையின்றிச் செல்லும். வேறொருவர் கட்டுரையில் கண்ட மேற்கோளை மூலத்தைப் பாராமல் எடுப்பவர், கண்ட இடத்தையே குறிக்க வேண்டும். 1885ஆம் ஆண்டுப் பதிப்பின் மரபியல் உரையை இன்றும் நச்சினார்க்கினியர் பெயரில் எழுதும் ஒப்படைவு ஒன்று வந்தால், பிழை எந்தக் கை வழியாக வந்தது என்பதைத் திருத்துபவர் அந்தக் குறிப்பைக் கொண்டே கண்டுகொள்வார்.