நராச்சியில் கேட்ட தமிழ்

ஓசூர்க்காரனுக்கு டப்பிங் படம் எதற்கு? எங்கள் வீட்டில் தெலுங்கு, கடைவீதியில் தமிழ், அத்திப்பள்ளி தாண்டினால் கன்னடம். சிப்காட் வேலையில் நைட் ஷிஃப்ட் டீ இடைவேளைச் சண்டைகூட மூன்று மொழியில்தான் நடக்கும். ஆனாலும் டப்பிங் படங்களை விடாமல் பார்த்தவன் நான். மொழி மாறினால் படமும் மாறும் என்பது என் கட்சி.

இந்தியாவின் முதல் டப்பிங் படம் என்று சொல்லப்படுவதே கன்னடத்திலிருந்து தமிழுக்கு வந்ததுதான். ஏ.வி. மெய்யப்பன் 1943-ல் எடுத்த 'சத்ய ஹரிச்சந்திரா' மறு வருடமே தமிழ் பேசியது. எதிர்த்திசையில் கதவு சாத்தியிருந்தது. 1960-களில் கிளம்பிய எதிர்ப்பால் கர்நாடகத்தில் டப்பிங்குக்கு எழுதப்படாத தடை. பெங்களூரில் ரஜினி தமிழிலேயே பேசினார். டப்பிங்கைத் தடுத்த அமைப்புகளுக்கு 2015-ல் போட்டி ஆணையம் அபராதம் போட்ட பிறகு, 2017-ல் 'என்னை அறிந்தால்' 'சத்யதேவ் ஐ.பி.எஸ்.' ஆகக் கன்னடம் பேசியது.

தெலுங்கு 'அங்குசம்' நம்மிடம் 'இதுதாண்டா போலீஸ்' ஆனபோது, அசல் குரல் போய்விட்டதே என்றார்கள் வீட்டில். எந்த அசல்? தெலுங்கிலேயே நாயகன் ராஜசேகருக்குப் பேசியவர் சாய்குமார்!

2018 டிசம்பரில் வந்த 'கே.ஜி.எஃப்.' விஷயம் வேறு. கன்னடத்தில் பார்த்தால் அது நாயகன் யஷ்ஷின் படம். ரசிகர்களின் விசிலில் பாதி வசனம் காதில் விழாது. தமிழில் பார்த்தபோது என் கண் நராச்சிச் சுரங்கத்து அடிமைகள் மேலேயே இருந்தது. நராச்சி கற்பனை, கோலார் தங்கவயல் கற்பனை இல்லை. 1880-களில் ஜான் டெய்லர் கம்பெனி தோண்டத் தொடங்கி 2001-ல் மூடிய அந்தச் சுரங்கங்களில் இறங்கியவர்களில் பெரும்பாலோர் வட ஆற்காடு, சித்தூர், சேலம் பக்கத்துத் தமிழரும் தெலுங்கரும்தான். கன்னடப் படத்தில் அவர்கள் வாயில் கன்னடம். தமிழ்ப் பதிப்பு வசூலுக்காகச் செய்ததுதான். ஆனால் தங்கவயல் தமிழ்த் தொழிலாளிக்கு அவன் மொழி திரும்பக் கிடைத்தது. வரலாற்றுக்குத் தமிழ்ப் பதிப்பே கிட்டத்தில் நிற்கிறது.

இன்னொரு கன்னடப் படமான 'காந்தாரா'வில் நேர்மாறு. தெய்வத்தின் அலறலுக்கு எந்த மொழியும் வேண்டாம். ஆனால் குந்தாபுரத்துப் பேச்சின் வம்பும் கேலியும் தமிழில் சாரமில்லாமல் போயின. ஆகவே என் சிபாரிசு: 'கே.ஜி.எஃப்.' தமிழில் பாருங்கள். 'காந்தாரா'வுக்கு மட்டும், கன்னடம் அரைகுறையாகப் புரிந்தாலும் சரி, அத்திப்பள்ளி தாண்டிவிடுங்கள்.