தந்தியில் தெரிந்த தள்ளாட்டம்

1934 மார்ச் 28. அன்டார்க்டிகாவின் ராஸ் பனித்தட்டுக்குள் புதைத்து வைத்திருந்த சின்ன மரக்குடிலில், அமெரிக்கக் கடற்படை அதிகாரி ரிச்சர்ட் பேர்டின் தனிவாசம் தொடங்கியது. வானிலையைப் பதிவு செய்வது வேலை. அவருடைய தலைமை முகாமான லிட்டில் அமெரிக்கா அங்கிருந்து சுமார் 200 கிலோமீட்டர் தூரம்.

மூன்று பேர் தங்குவதாகத்தான் முதலில் ஏற்பாடு. அத்தனை பேருக்கான சாமான்களைக் கொண்டு சேர்க்க முடியவில்லை. சரி, இருவராவது? பேர்ட் ஒப்பவில்லை. மாதக்கணக்கான இருட்டில் இருவரை ஓர் அறையில் அடைத்தால் பகையில்தான் முடியும் என்பது அவர் கணக்கு. தனிமையைவிடத் துணைக்குப் பயந்தவர்!

ஏப்ரல் நடுவில் சூரியன் மறைந்தது. நாளை மணிவாரியாகப் பிரித்துக்கொண்டு வேலை செய்தார். முதலில் மனம் நிறைந்தே இருந்தது. மே மாதத்தில் காரணம் தெரியாத எரிச்சலும் சோர்வும் வந்தன. தனிமையா, இருட்டா, அடுப்புப் புகையா என்று டைரியில் தன்னையே விசாரித்தார். புகையும்தான். சரியாகப் பொருந்தாத அடுப்புக் குழாயிலிருந்து கசிந்த கார்பன் மோனாக்சைடு அவரை மெல்ல மெல்லத் தின்றுகொண்டிருந்தது. மே 31 அன்று ரேடியோவுக்கான பெட்ரோல் எஞ்சின் புகையில் சுருண்டு விழுந்தார். அடுப்பை அணைத்தால் குளிர் கொல்லும். எரித்தால் புகை கொல்லும்.

ஆளில்லாத இடத்தின் கொடுமை இதுதான் என்று எனக்குத் தோன்றுகிறது. 'என்னய்யா, முகம் வெளுத்திருக்கு?' என்று கேட்க ஒருவர் இருந்திருந்தால், உடம்பின் நோயை மனத்தின் நோயோடு இத்தனை நாள் குழப்பிக்கொண்டிருக்க வேண்டியதில்லை.

முகாமுக்கு அவர் உண்மையைச் சொல்லவும் இல்லை. சொன்னால் பனியிருட்டில் ஆட்கள் கிளம்புவார்கள், சாவார்கள் என்ற பயம். கையால் சுற்றும் ஜெனரேட்டரை மூச்சுவாங்கச் சுற்றி, 'நலம்' என்றே மோர்ஸில் தட்டினார். ஆனால் விரல் தடுமாறியது, வார்த்தைகள் குழம்பின. கேட்டவர்களுக்குச் சந்தேகம் வந்தது. எரிகல் ஆராய்ச்சி என்ற சாக்கோடு முகாமிலிருந்த விஞ்ஞானி பவுல்ட்டர் டிராக்டரில் கிளம்பினார். இரண்டு முறை பாதியில் திரும்பி, மூன்றாம் முயற்சியில் ஆகஸ்ட் 10 அன்று அவர் உட்பட மூன்று பேர் வந்து சேர்ந்தார்கள்.

உடனே அழைத்துப் போகும் நிலையில் பேர்ட் இல்லை. நால்வரும் அங்கேயே தங்கினார்கள். அக்டோபர் நடுவில்தான் விமானம் பேர்டை ஏற்றிச் சென்றது.