நீளமாகச் செய்து ஏன் வெட்டுகிறார்கள்?

1971-ல் என் முதல் சம்பளத்தில் அய்யனுக்கு ஒரு டெரிலின் சட்டை எடுத்துக் கொடுத்தேன். அப்போது டெரிலின் என்றால் தனி மவுசு. கசங்காது, இஸ்திரி வேண்டாம், துவைத்துப் போட்டால் அரை மணியில் காய்ந்துவிடும். அய்யன் சட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். உள்தையலில் நீட்டிக்கொண்டிருந்த ஒரு நூலைப் பிய்த்துத் தீக்குச்சியில் காட்டினார். பருத்தியாக இருந்தால் காகிதம் போல் பற்றிச் சாம்பலாகியிருக்கும். இது சுருண்டு உருகி, கடுகு மாதிரி கறுப்பாக உருண்டு நின்றது.

"இது துணியில்ல கண்ணு, மெழுகு" என்றார்.

அவர் கோவையில் ஒரு பஞ்சு மில்லில் கார்டிங் டிப்பார்ட்மெண்டில் 30 வருடம் வேலை பார்த்தவர். பஞ்சைக் கையில் எடுத்துப் பிரித்துப் பார்த்தே அது எத்தனையாம் நம்பர் நூலுக்கு ஆகும் என்று சொல்லிவிடுவார். நான் சேர்ந்தது வேறொரு மில்லின் டெஸ்டிங் லேபில்.

சில வருடம் கழித்து எங்கள் மில்லுக்கு பாலியஸ்டர் பேல் வந்து இறங்கியது. ஒரு பிடி எடுத்துப்போய் அய்யனிடம் காட்டினேன். "இது முடிவே இல்லாத இழையாகத்தான் வெளியே வருமாம், அதை ஒன்றரை அங்குலத் துண்டாக வெட்டி நமக்கு அனுப்புகிறார்கள்" என்று விளக்கினேன். அவர் கொஞ்சம் யோசித்துவிட்டுக் கேட்டார்: "வெட்டத்தான் போறாங்கன்னா எதுக்குக் கண்ணு அவ்வளவு நீளமாச் செய்யறாங்க?"

அன்று எனக்கு ஒழுங்காகப் பதில் சொல்ல வரவில்லை. இப்போது சொல்லிப் பார்க்கிறேன்.

கோவையின் முதல் நூற்பாலையை ராபர்ட் ஸ்டேன்ஸ் 1888-ல் தொடங்கினார். பழையவர்களுக்கு அது ஸ்டேன்ஸ் மில். 1932-ல் பைக்காரா மின்சாரம் வந்த பிறகுதான் ஊரைச் சுற்றி மில்கள் மளமளவென்று முளைத்தன. நம் கரிசல் மண்ணில் விளைந்த கருங்கண்ணிப் பருத்தியின் இழை குட்டை. அதில் மோட்டா நூல்தான் வரும். கம்போடியாப் பருத்தி வந்த பிறகு இழையின் நீளம் கூடியது. அதன் வழியில் வந்தவைதான் எம்.சி.யு. ரகங்கள். 1974-ல் கோவையிலேயே உருவான சுவின் ரகத்தின் இழை 37 மில்லிமீட்டருக்கு மேல். சுஜாதா, செயின்ட் வின்சென்ட் என்ற இரண்டு ரகங்களைச் சேர்த்ததால் அந்தப் பெயர். அதில் 100-ஆம் நம்பர் நூலே நூற்கலாம்.

நம்பர் என்பது என்ன என்று பலருக்கு மறந்திருக்கும். 840 கஜம் கொண்டது ஒரு சிட்டம். ஒரு பவுண்டு எடைக்கு எத்தனை சிட்டம் நிற்கிறதோ அதுதான் நூலின் நம்பர். 40-ஆம் நம்பர் என்றால் ஒரு பவுண்டில் 33,600 கஜம், அதாவது 30 கிலோமீட்டருக்கு மேல். அரைக் கிலோவுக்கும் குறைவான பஞ்சில் அவ்வளவு நூல்.

புளோரூமில் பேலைப் பிரித்து, அடித்து, தூசு போக்குவார்கள். கார்டிங்கில் பஞ்சு சீவப்பட்டு, தளர்ந்த வெள்ளைக் கயிறாக வரும். அதுதான் ஸ்லைவர். டிராயிங்கில் ஆறு அல்லது எட்டு ஸ்லைவரைச் சேர்த்து இழுத்துச் சமப்படுத்துவார்கள். சிம்ப்ளக்ஸில் அது மெலிந்து லேசான முறுக்கோடு பாபினில் ஏறும். கடைசியில் ஸ்பின்னிங் பிரேமில் இன்னும் இழுத்து, முறுக்கேற்றினால் நூல். 40-ஆம் நம்பர் பாவு நூலில் ஓர் அங்குலத்துக்குச் சுமார் 25 முறுக்கு இருக்கும். பசை கிடையாது, முடிச்சு கிடையாது. முறுக்கினால் இழைகள் ஒன்றையொன்று இறுக்கிப் பிடித்துக்கொள்கின்றன, அவ்வளவுதான்.

இழுப்பது உருளைகள். முன்ஜோடி வேகமாகவும் பின்ஜோடி மெதுவாகவும் சுழலும். இரண்டுக்கும் உள்ள இடைவெளி இழையின் நீளத்தைவிடச் சற்றே கூடுதலாக இருக்க வேண்டும். இழை அதைவிட நீளமாக இருந்தால் இரண்டு ஜோடியும் ஒரே நேரத்தில் பிடித்து இழுத்து அதை அறுக்கும். ரொம்பக் குட்டையாக இருந்தால் நடுவில் பிடிப்பில்லாமல் மிதக்கும், நூல் ஓரிடத்தில் தடித்து ஓரிடத்தில் மெலியும். ஆக, மில்லில் இருந்த ஒவ்வொரு மிஷினும் பருத்தியின் நீளத்தை அளவுகோலாக வைத்துச் செய்தது.

இந்த உலகத்துக்குள்தான் செயற்கை இழை நுழைந்தது. மரக்கூழைக் காஸ்டிக் சோடாவிலும் கார்பன் டைசல்பைடிலும் கரைத்து விஸ்கோஸ் செய்யும் முறையை 1892-ல் இங்கிலாந்தில் கிராஸ், பெவன், பீடில் என்ற மூவர் கண்டுபிடித்தார்கள். அதற்காக நீலகிரி யூகலிப்டஸ் மரங்கள் லாரி லாரியாகச் சிறுமுகைக்கு இறங்கியது நம்மில் பலர் பார்த்ததுதான். பாலியஸ்டர் 1941-ல் வந்தது. இங்கிலாந்தில் விண்ஃபீல்டும் டிக்சனும் கண்டுபிடித்தார்கள், டெரிலின் என்று பெயர் வைத்தார்கள். அது பெட்ரோலியச் சரக்கு. உருக்கிய குழம்பைப் பொடித்துளைகள் கொண்ட தட்டு வழியாகத் தள்ளினால், இடியாப்ப உரலிலிருந்து வருவது போல இழை இழையாக வரும். குழம்பு உள்ளவரை இழைக்கு முடிவில்லை.

அந்த நீள இழையை அப்படியே நெய்தால் வருவதுதான் வழவழவென்று உடம்பில் ஒட்டும் நைலக்ஸ் சேலை போன்ற துணி. பருத்தித் துணியின் மென்மையும் லேசான மயிர்த்தன்மையும் வேண்டும், பருத்தியோடு கலந்து நூற்கவும் வேண்டும் என்றால், உலகமெங்கும் ஏற்கெனவே ஓடிக்கொண்டிருந்த மிஷின்களில் அது ஓட வேண்டும். லட்சக்கணக்கான கதிர்களை மாற்றுவதைவிட இழையை மாற்றுவது சுலபம். அதனால் வழவழப்பான இழைக்கு வேண்டுமென்றே நெளிவு கொடுத்தார்கள். 38 மில்லிமீட்டருக்கு வெட்டினார்கள். பேலில் அடைத்து மில்லுக்கு அனுப்பினார்கள். 67 பங்கு பாலியஸ்டர், 33 பங்கு பருத்தி என்று டிராயிங்கில் கலந்தோம். டெரிகாட்டன் பிறந்தது. சோமனூர், பல்லடம் விசைத்தறிகளிலும் பாவாகவும் ஊடையாகவும் ஏறியது.

அய்யனின் கேள்விக்குப் பதில் இதுதான். மனிதன் புதிதாக ஓர் இழையைச் செய்தான். ஆனால் அது மில்லுக்குள் வரப் பருத்தியைப் போல நடிக்க வேண்டியிருந்தது.

நடிக்க முடியாத இடமும் உண்டு. பருத்தி காற்றிலிருந்தே தன் எடையில் எட்டரை சதவீதம் ஈரத்தை வாங்கிக்கொள்ளும். பாலியஸ்டர் வாங்குவது அரை சதவீதம்கூட இல்லை. அய்யன் அந்தச் சட்டையை இரண்டு கல்யாணத்துக்குப் போட்டார். "வேர்வை உள்ளயே நிக்குது" என்று மடித்து வைத்துவிட்டார்.

பருத்திதான் நல்லது என்று முடித்துவிடலாம். ஆனால் என்னால் அப்படி எழுத முடியவில்லை. கார்டிங்கில் பறந்த பஞ்சுத்தூசு அய்யனின் நெஞ்சில் இறங்கியிருந்தது. ஞாயிறு லீவு முடிந்து திங்கட்கிழமை உள்ளே போனதும் நெஞ்சு இறுகும், மூச்சு வாங்கும். பஞ்சாலைக்காரர்களுக்கு வரும் இந்த நோய்க்கு மருத்துவத்தில் பிஸினோசிஸ் என்று பெயர் இருப்பது எனக்குப் பிறகுதான் தெரிந்தது. பருத்தியின் இலைத்தூளும் பூவடிச் சருகும் கலந்த தூசால் வருவது. பாலியஸ்டர் பேலில் அந்தச் சருகு இல்லை. அவர் மெழுகு என்று ஒதுக்கிய இழை அவருக்கு இந்த இருமலைக் கொடுத்திருக்காது.

அய்யன் 1983-ல் போனார். கடைசிவரை பருத்தி வேட்டிதான். அந்த வேட்டிகளில் ஒன்றுகூட இன்று இல்லை. கிழிந்து, அடுப்படியில் கரித்துணியாகி, மண்ணோடு மண்ணாகிவிட்டன. டெரிலின் சட்டை மட்டும் பீரோவில் இருக்கிறது. போன வாரம் எடுத்துப் பார்த்தேன். 50 வருடத்துக்கு மேல் ஆகியும் ஒரு நூல் விடவில்லை. அன்று அவர் பிய்த்தெடுத்த அந்த ஒன்றைத் தவிர.