திருமழிசைக்கு ஏற்ற கலைவீதி

சென்னை ஒக்கியம் துரைப்பாக்கத்துக் கண்ணகி நகர், கூவம், அடையாற்றுக் கரைகளிலிருந்து அப்புறப்படுத்தப்பட்ட குடும்பங்களை 2000-ஐ ஒட்டிக் குடியமர்த்திய இடம். ஊர்ப்பெயரைச் சொன்னாலே வேலை தரத் தயங்குகிறார்கள் என்பது அம்மக்களின் நெடுநாள் குறை. 2020-இல் ஸ்டார்ட் இந்தியா அறக்கட்டளை, மாநகராட்சியோடும் ஏஷியன் பெயின்ட்ஸ் நிறுவனத்தோடும் சேர்ந்து அங்குள்ள அடுக்குமாடிச் சுவர்களைப் பேரோவியங்களாக்கியது. ஏ-கில் என்ற சென்னை ஓவியர் அக்குடியிருப்புச் சிறுமியரின் முகங்களையே மாடி உயரத்துக்கு வரைந்தார். ஒதுங்கிப் போனவர்கள் படமெடுக்கத் தேடி வந்தார்கள். அதைச் சிறிய மாற்றம் என்று தள்ளிவிட முடியாது. ஆனால் சுவரோவியம் சாயம் காய்ந்ததும் முடிந்துவிடுகிற வேலை. வெயிலும் மழையும் அதைத் தின்னத் தொடங்கினால், மறுபடி வரைய வெளியிலிருந்துதான் ஆள் வரவேண்டும். ஊரார் தாமே ஆண்டுதோறும் கூடிச் செய்ய ஒரு நாளும் அதற்குரிய தெருவும் இருந்தால்தான் கலைவீதி நிலைக்கும் என்பது என் கருத்து.

இதற்குச் சான்று மயிலாப்பூர். பங்குனியில் அறுபத்துமூவர் புறப்பாட்டுக்கு நிரம்பி வழிகிற அதே மாடவீதியில், சனவரியில் மயிலாப்பூர் விழாவின் கோலப்போட்டி நடக்கிறது. வண்டிகளை நிறுத்தி, தார்ச்சாலையைக் கட்டம் கட்டமாகப் பிரித்துக் கொடுக்கிறார்கள். மாவுக் கிண்ணத்தோடு குனிந்து புள்ளி வைப்பவர்கள் பெரும்பாலும் சாதாரண வீட்டுப் பெண்கள். மேடையும் இல்லை, திரையும் இல்லை. சென்னையை அடுத்த திருமழிசைக்கும் இப்படியொரு நாள் இருக்கிறது. திருச்சந்த விருத்தம் பாடிய ஆழ்வாரின் அவதாரத் திருநாளான தை மகம் இவ்வூரின் நாள். செகந்நாதப் பெருமாள், ஒத்தாண்டீசுவரர் என இரு கோயில்களின் தெருக்களும் இருக்கின்றன.

கோயில் தெரு எல்லாருக்கும் உரியதா என்று கேட்பார்கள். நியாயமான கேள்வி. 1924-இல் வைக்கத்தில் பெரியார் உள்ளிட்டோர் சிறை சென்றது, கோயிலைச் சுற்றியுள்ள தெருவில் ஒடுக்கப்பட்டோர் நடக்கும் உரிமைக்காகத்தான். சுவரோவியத்துக்கு அந்தக் கறை இல்லை என்பதையும் ஒப்புக்கொள்ள வேண்டும். ஆனால் அப்போராட்டம் கேட்டதும் வீதியைத்தான்; வழிவழியாகக் கூட்டம் கூடும் இடத்தில் எல்லாரும் நிற்பதற்கு ஈடு வேறில்லை. பிரம்பறுக்கும் திருவாளன் வீட்டில் வளர்ந்தவர் என்று வைணவக் குருபரம்பரை நூல்கள் சொல்லும் ஆழ்வாரின் ஊரில், தை மகத்தைப் பறையும் நாகசுரமும் சிலம்பமும் ஒரே தெருவில் இறங்கும் ஊர்த்திருநாளாக்குவது மரபுக்கு முரண் ஆகாது. முதலில் வடிகால், பிறகு கலை என்பவர்களுக்கும் ஒரு வார்த்தை: ஊரே கூடும் தெருவில் கழிவுநீர் தேங்கினால் கேட்க ஆயிரம் பேர் இருப்பார்கள்.

இங்கே துணைக்கோள் நகரம் அமையும் என்று அறிவித்தது 2011-இல். அந்நகரின் மனை வரைபடத்தில், ஆண்டுக்குச் சில நாள் வண்டிகளை முழுதும் நிறுத்தக்கூடிய, நிழல்மரம் உள்ள அகன்ற வீதி ஒன்றை வீட்டுவசதி வாரியம் ஒதுக்க வேண்டும். அது பழைய ஊரின் தெருக்களோடு வந்து சேர வேண்டும். மனைகள் விற்றுத் தீர்ந்தபின் அந்த அகலத்தை யாராலும் மீட்க முடியாது.