பி. எஸ். லோகநாத்: கரிசல் வெயிலைப் படம்பிடித்த ஒளிப்பதிவாளர்

பி. எஸ். லோகநாத் தமிழ், தெலுங்கு, இந்தித் திரைப்படங்களில் பணியாற்றிய ஒளிப்பதிவாளர் ஆவார். இயக்குநர் கே. பாலசந்தரின் பல முக்கியப் படங்கள் இவருடைய கேமராவில் உருவானவை. கோவில்பட்டி வட்டாரத்தின் குடிநீர்ப் பஞ்சத்தைச் சொன்ன ‘தண்ணீர் தண்ணீர்’ (1981) அவற்றுள் ஒன்று.

கறுப்பு வெள்ளைக் காலம்

‘அவள் ஒரு தொடர்கதை’ (1974), ‘அபூர்வ ராகங்கள்’ (1975), ‘மூன்று முடிச்சு’ (1976), ‘அவர்கள்’ (1977) ஆகியவை கறுப்பு வெள்ளைப் படங்கள். பெரும்பாலும் வீட்டுக்குள் நிகழும் கதைகள். வண்ணம் இல்லாதபோது முகத்தின் உணர்ச்சியை ஒளியும் நிழலும்தான் சொல்ல வேண்டும். ‘அபூர்வ ராகங்கள்’ படத்துக்காக, கறுப்பு வெள்ளைப் பிரிவில் சிறந்த ஒளிப்பதிவாளருக்கான தேசிய விருதை லோகநாத் பெற்றார். தெலுங்கில் ‘மரோ சரித்ரா’வும் (1978), அதன் இந்தி வடிவமான ‘ஏக் துஜே கே லியே’யும் (1981) இவர் ஒளிப்பதிவு செய்தவையே.

கரிசலில் கேமரா

கடற்கரைக் காதல் கதையான அந்த இந்திப் படம் வெளிவந்த அதே 1981ஆம் ஆண்டில்தான் ‘தண்ணீர் தண்ணீர்’ படமும் வந்தது. கோமல் சுவாமிநாதனின் நாடகமே அதன் மூலம். கதை நிகழும் அத்திப்பட்டி ஒரு கற்பனைக் கிராமம். அதன் தாகம் கற்பனையன்று. கோவில்பட்டி அப்போது திருநெல்வேலி மாவட்டத்தில் இருந்தது. 1986இல்தான் தூத்துக்குடி மாவட்டம் பிரிந்தது.

கரிசல் மண் மழையில் காலைக் கவ்வும். கோடையில் பாளம் பாளமாக வெடிக்கும். இந்நிலம் ஒளிப்பதிவாளருக்கு ஒரு சோதனை. கரிய மண் ஒளியை உறிஞ்சிக்கொள்கிறது. மேலே வானமோ கண்ணைக் கூசச் செய்கிறது. வானத்துக்கேற்ப லென்ஸின் துளையைச் சுருக்கினால் வெயிலில் கறுத்த முகங்கள் இருண்டுபோகும். முகங்களுக்கேற்பத் திறந்தால் வானம் வெளிறிப்போகும். இன்னொரு சிக்கலும் உண்டு. வறட்சியை அழகாகக் காட்டிவிட்டால் அது வேடிக்கைப் பொருளாகிவிடும். குடத்தோடு நடக்கும் பெண்ணின் களைப்பு மறைந்துவிடும்.

ஜப்பானில் ஓர் இணை

சூரியனோடு மல்லுக்கட்டியவர் என்று உலகத் திரை வரலாற்றில் பெயர் பெற்றவர் ஜப்பானிய ஒளிப்பதிவாளர் கசுவோ மியாகாவா (1908–1999). அகிரா குரோசாவாவின் ‘ராஷோமோன்’ (1950) படத்தில், அடர்ந்த காட்டுக்குள் கண்ணாடிகளால் வெயிலைத் திருப்பி நடிகர்களின் முகத்தில் விழச் செய்தார். இலைகளுக்கிடையே தெரியும் சூரியனை நோக்கியே கேமராவைத் திருப்பினார். அங்கே நிழல் மிகுதி, வெயிலைத் தேட வேண்டியிருந்தது. கரிசலில் நிழல் அருமை, வெயிலைத் தாங்க வேண்டியிருந்தது. ஆனால் இருவர் முன்னும் இருந்த கேள்வி ஒன்றே: கதைக்கு உண்மையாக ஒளியை எப்படிப் பயன்படுத்துவது?

இடம்

‘தண்ணீர் தண்ணீர்’ சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருதையும், பாலசந்தருக்குச் சிறந்த திரைக்கதைக்கான தேசிய விருதையும் பெற்றது. படத்தைப் பற்றிப் பேசுவோர் இயக்குநரையும், நாடக ஆசிரியரையும், நடிகை சரிதாவையும் நினைவுகூர்வர். ஒளிப்பதிவாளரின் பெயர் பெரும்பாலும் விடுபட்டுப்போகும். லோகநாத் 2011இல் காலமானார்.

அரசுக் கோப்புகளில் வறட்சி என்பது மழையளவும் நிவாரணத் தொகையும்தான். மாட்டுவண்டியில் தண்ணீர் கொண்டுவந்த தலைமுறை எப்படி வாழ்ந்தது என்று அவை காட்டுவதில்லை. குழாயைத் திருகித் தண்ணீர் பிடிக்கும் இன்றைய மாணவர் அதைக் கண்ணால் காண ‘தண்ணீர் தண்ணீர்’ ஒரு வழி. அந்தக் கண், லோகநாத் தந்தது.